நடுவில் வைத்த பாத்திரம்

லீக்ஸைக் கீறி அலசாமல் நறுக்குகிறவர்களைக் கண்டால் எனக்கு இன்றைக்கும் கை துறுதுறுக்கும். வெங்காயத்தாள் மாதிரித் தடித்த தண்டு, வெளியே பார்க்க வெள்ளை வெளேரென்று இருக்கும். மடிப்புக்குள் நுவரெலியா மண் அத்தனையும் குடியிருக்கும். தோட்டப் பாடசாலைகளில் மனைப்பொருளியல் படிப்பித்தே தலை நரைத்தவள் நான். விறகடுப்பைத் தவிர வேறொன்றையும் காணாத தொழிலாளர் லயத்துப் பிள்ளைகளுக்கு, போறணையில் கேக் எப்படி வேகும் என்று கரும்பலகையில் படம் வரைந்து காட்டியிருக்கிறேன். அவர்களும் மனப்பாடம் செய்து பரீட்சையில் நல்ல புள்ளி வாங்கினார்கள். கேக்கைத்தான் யாரும் கண்ணால் காணவில்லை.

நான் ஓய்வு பெற்றபோது பாடசாலையில் எல்லாரும் சேர்ந்து ஒரு சின்ன மின்சாரப் போறணை வாங்கித் தந்தார்கள். அதில் நான் அதிகம் செய்தது கேக் அல்ல. சீஸும் மரக்கறியும் சேர்த்து வேகவைத்து, சூடாக நடுவில் வைத்து, பாண் ரொட்டித் துண்டையோ கரட்டையோ தோய்த்துத் தின்கிற ஒரு பண்டம். டிப் என்பார்கள். எங்கள் வீட்டில் அதற்கு ஞாயிற்றுக்கிழமைச் சாமான் என்று பெயர்.

அந்த ஞாயிற்றுக்கிழமைகளுக்கு என் கணவர்தான் பொறுப்பு. அவர் தோட்டத்து ஆபீசில் கிளாக்கராக இருந்தவர். கொட்டகலை ஸ்டேஷனுக்கு மேலே நாங்கள் கட்டிய வீட்டின் முன் அறையில், ஞாயிறு மத்தியானம் சாப்பிட்ட கை காயுமுன் ஓமி தொடங்கிவிடும். ஓமி நாலு பேர் ஆடுகிற சீட்டாட்டம். எதிரெதிரே உட்காருகிறவர்கள் ஒரு கட்சி. இவருக்குக் கூட்டாளி, பஜாரில் கடை வைத்திருக்கும் முஸ்லிம் நண்பர். ஊரே அவரை நானா என்றுதான் கூப்பிடும். எதிர்க்கட்சியில், பக்கத்துத் தோட்டத்துத் தேயிலைத் தொழிற்சாலையில் டீமேக்கராக இருந்தவரும், ரயில்வேயில் சிக்னல் வேலை பார்த்த ஒரு சிங்களவரும். சிக்னல்காரர் பேசும் தமிழைக் கேட்டால் லயத்தில்தான் பிறந்தார் என்று சத்தியம் செய்வீர்கள்.

எல்லாப் பிடிகளையும் ஒரே கட்சி வாரிக்கொண்டால் அதற்குக் கபோத்தி என்று பெயர். கபோத்தி விழுந்ததும் இவர் மேசையில் ஓங்கி ஓர் அறை விடுவார். கண்ணாடி அலுமாரியில் இருக்கும் கோப்பைகள் கலகலக்கும்.

"பேரன் பேத்தி எடுக்கிற வயசுல என்னங்க இது கூத்து!" என்று நான் குசினியிலிருந்து கத்துவேன்.

"டீச்சரம்மா வகுப்பெடுக்குது, கொஞ்சம் அமைதியா இருங்கப்பா" என்று சொல்லிவிட்டு இவரே முதலில் சிரிப்பார்.

ஆரம்பத்தில் அவர்களுக்கு நான் போட்டது வடைதான். நாலு பேரும் போட்டி போட்டுத் தின்பார்கள். பிறகு இவருக்கு நெஞ்சு வருத்தம் வந்தது. கிளினிக்கில் எண்ணெயைக் குறைக்கச் சொன்னார்கள். டீமேக்கருக்குச் சீனி வருத்தம், நானாவுக்கு பிரஷர், சிக்னல்காரருக்கு இரண்டும். வைத்தியம் பார்க்கப் போனால் நாலு பேருக்கும் சேர்த்து ஒரே மருந்துப் பை போதும். எண்ணெய்ச் சட்டியை நான் பரணில் ஏற்றிவிட்டேன்.

அப்போதுதான் இந்தச் சாமான் ஞாபகம் வந்தது. முன்னொரு நத்தாருக்கு, அதுதான் கிறிஸ்மசுக்கு, துரை பங்களாவில் இதைத் தின்றிருக்கிறேன். அங்கே வெண்ணெயும் கிரீமும் கட்டி சீஸும் போட்டு, மேலே நெய் மிதக்கக் கொண்டுவந்து வைத்தார்கள். ருசி நன்றாகத்தான் இருந்தது; வயிறுதான் அடுத்த நாள் வரைக்கும் என்னோடு பேசவில்லை. நான் கிரீமைத் தூக்கிவிட்டுத் தயிரைப் பிடித்தேன். வெண்ணெய்க்குப் பதில் கோலிஃபிளவரை வேகவைத்து மசித்தேன். சீஸ் மேலே தூவ மட்டும் கொஞ்சம். அதையும் நானாதான் தன் கடையிலிருந்து கொண்டுவருவார்.

முதல் ஞாயிறு கொண்டுபோய் வைத்தபோது டீமேக்கர் குனிந்து பார்த்தார்.

"டீச்சர், இது திங்கிறதுங்களா, இல்ல சுவத்துல பூசுறதுங்களா?"

நான் ஆளுக்கொரு தட்டும் கரண்டியும் வைத்திருந்தேன். எச்சில் பார்க்கிற வீட்டில் வளர்ந்தவள். தண்ணீரைக்கூட அண்ணாந்து குடித்த ஆட்கள் நாங்கள். தட்டுகளை ஒதுக்கித் தள்ளியவர் நானா.

"இதெல்லாம் என்னத்துக்கு டீச்சர்? எங்கட ஊட்டுல ஒரே சஹன்ல ஆறு பேரு கை வைக்கிறோம். நடுவுல வைங்க."

சஹன் என்றால் பெரிய தாம்பாளம். முஸ்லிம் வீட்டு விருந்தில் அதைச் சுற்றி உட்கார்ந்து எல்லாரும் சேர்ந்து சாப்பிடுவார்கள். நான் இவர் முகத்தைப் பார்த்தேன். இவர் சீட்டிலிருந்து கண்ணை எடுக்காமலே ஒரு பாண் துண்டை எடுத்து நடுப் பாத்திரத்தில் தோய்த்து வாயில் போட்டுக்கொண்டார். டீமேக்கரும் தோய்த்தார். அடுத்த ஆட்டத்துக்குள் பாத்திரத்தின் அடி தெரிந்தது. அன்றிலிருந்து என் கண்ணாடிப் பாத்திரம் சீட்டுக்கட்டுக்குப் பக்கத்திலேயே உட்காரும். நாலு கையும் அதற்குள் போய் வரும். எனக்கு முதலில் கூசியது, பிறகு பழகிவிட்டது.

சித்திரை வருஷம் பிறக்கச் சில நாள் இருக்கையில், வேலியோரம் கொத்தமல்லிப் பாத்திக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்த இவர் அப்படியே குந்தினார். பிறகு எழும்பவில்லை. மகன் டோஹாவிலிருந்து வந்து காரியம் முடித்துவிட்டுத் திரும்பிப் போனான். என்னையும் வரச் சொன்னான். அங்கே வந்து நான் யாரோடு பேசுவேன், குளிரூட்டியோடா என்று கேட்டேன். சிரித்தான். இங்கே யாரோடு பேசுவேன் என்று அவன் திருப்பிக் கேட்கவில்லை.

சாவு விழுந்த வீட்டில் வருஷம் திரும்பும்வரை எண்ணெய்ச் சட்டி வைக்கக் கூடாது என்பது எங்கள் வழக்கம். தீபாவளிக்குப் பலகாரம் சுட முடியாது. சுற்றியுள்ள வீடுகளிலிருந்து கொண்டுவந்து தருவார்கள். அதிலும் ஒரு முறை இருக்கிறது. மற்ற நாளில் ஒரு வீட்டுப் பாத்திரம் நம் வீட்டுக்கு வந்தால் அதை வெறுமையாகத் திருப்பக் கூடாது. ஒன்றும் இல்லாவிட்டால் ஒரு பிடி சீனியாவது போட்டுக் கொடுக்க வேண்டும். ஆனால் துக்க வீட்டிலிருந்து பண்டம் வெளியே போகக் கூடாது. அதனால் வருகிறவர்கள் வாசலிலேயே நின்று, "உங்க தட்டக் கொண்டாங்க டீச்சர்" என்று கேட்டு, முறுக்கையும் அதிரசத்தையும் என் தட்டில் கொட்டிவிட்டுத் தங்கள் தட்டைக் கையோடு கொண்டுபோய்விடுவார்கள். நல்ல மனதோடுதான் செய்தார்கள். ஆனால் அந்த வருஷம் முழுக்க இன்னொரு வீட்டுப் பாத்திரம் ஒன்றும் என் குசினியில் ஒரு பொழுதுகூடத் தங்கவில்லை. தங்கினால்தானே திருப்பிக் கொடுக்கிற சாக்கில் நானும் ஒரு வாசல் ஏறலாம்.

ஞாயிறுதான் ஆக மோசம். வார நாளில் பஸ் சத்தம், பாடசாலைப் பிள்ளைகள் போகிற சத்தம் ஏதாவது கேட்கும். ஞாயிறு மத்தியானம் மழைத் தூறலில் ஊரே கதவைச் சாத்திக்கொள்ளும். பிரிட்ஜ் ஓடுகிற சத்தம் முன் அறைவரை கேட்கும். அத்தனை வருஷம் வாயை மூடுங்கள் என்று கத்தியவளுக்கு இப்போது ஒரு மேசை அறை கேட்டால் போதும் போலிருந்தது. ஒருமுறை எனக்கு மட்டும் அந்தச் சாமானைச் செய்து பார்த்தேன். பாதி லீக்ஸ், இரண்டு கோலிஃபிளவர்ப் பூ, தேநீர்க் கோப்பை அளவு. குசினியில் நின்றபடியே கரண்டியால் தின்றேன். ஒருத்திக்குச் செய்கிற பண்டமில்லை அது. பாதியிலேயே வைத்துவிட்டேன்.

வருஷத் திவசம் முடிந்த அடுத்த கிழமையே நானாவின் கடைக்குப் போனேன்.

"ஞாயித்துக்கிழமை மூணு பேரும் வாங்க நானா. பழையபடி ஓமி போடுங்க. நான் சாமான் செஞ்சு வைக்கிறேன்."

நானா தராசுத் தட்டைத் துடைத்தார். துடைத்த தட்டையே மறுபடி துடைத்தார். "வாறோம் டீச்சர், இன்ஷா அல்லாஹ்" என்றார். சீஸைச் சுற்றிக் கையில் கொடுத்தார்.

எனக்கு இருந்த ஆசை இவ்வளவுதான்: என் முன் அறையில் மறுபடி ஆட்கள் உட்கார வேண்டும். கல்யாண வீட்டுக்காரி மாதிரி ஆயத்தம் செய்தேன். சனிக்கிழமையே தயிரைத் துணியில் கட்டித் தொங்கவிட்டேன். மேசை விரிப்பைத் தோய்த்துப் போட்டேன். இவருடைய சீட்டுக்கட்டைத் தேடி எடுத்து மேசையில் வைத்தேன். நாலு கதிரையில் ஒன்றை எடுத்துவிடுவதா வேண்டாமா என்று யோசித்து, எடுக்காமலே விட்டேன். நாலாவது கைக்கு ஆள் வேண்டும் என்பது எனக்குத் தெரியாமல் இல்லை. அதை அவர்கள் பார்த்துக்கொள்ளட்டும், கதவைத் தாண்டி உள்ளே வந்தால் போதும் என்று நினைத்தேன்.

வந்தார்கள். டீமேக்கர் தன் மனைவியையும் கூட்டிக்கொண்டு வந்தார். நல்ல பெண், என்னைவிடச் சில வயது இளையவள். வேறு யாராவது என்றால் சந்தோஷப்பட்டிருப்பேன். தனியாக இருக்கிறவள் வீடென்று துணைக்கு அழைத்து வந்திருக்கிறார்கள் என்று புரிந்ததும், "வாங்க" என்பதோடு நிறுத்திக்கொண்டேன். சிக்னல்காரர் கதிரையின் நுனியில் உட்கார்ந்தார். நானா நின்றுகொண்டே இவருடைய படத்தைப் பார்த்தார்.

நான் பாத்திரத்தைப் போறணையிலிருந்து எடுத்து வந்து நடுவில் வைத்தேன். மேலே சீஸ் பொன்னிறமாக முறுகியிருந்தது. சுற்றிலும் கரட் துண்டுகள், வாட்டிய பாண், கிரீம்கிரேக்கர். யாரும் கை நீட்டவில்லை.

"ஆளுக்குக் கொஞ்சம் போட்டுக் குடுத்துருங்களேன் டீச்சர்" என்றார் டீமேக்கர்.

நான் நானாவைப் பார்த்தேன். சஹனைப் பற்றிப் பேசிய அதே மனிதர் தட்டுக்காகக் கையை நீட்டிக்கொண்டிருந்தார். அலுமாரியைத் திறந்து தட்டுகளை எடுத்தேன். டீமேக்கரின் மனைவிதான் ஆளுக்கு ஒரு கரண்டி போட்டுக் கொடுத்தாள். மடியில் தட்டை வைத்துக்கொண்டு மழையைப் பற்றிப் பேசினார்கள். ஹட்டன் பாதையில் மண் சரிந்ததைப் பற்றிப் பேசினார்கள். சீட்டுக்கட்டு இருந்த பக்கம் ஒருவரும் திரும்பவில்லை.

சிக்னல்காரர் மனதில் எதையும் வைத்துக்கொள்ளத் தெரியாதவர். மௌனம் அவருக்கு ஒத்துவராது.

"போன கிழமை நானா போட்டாரே ஒரு கபோத்தி, கிளாக்கரையா இருந்திருந்தா மேசை ஒடைஞ்சிருக்கும்" என்றார்.

சொல்லி முடித்த பிறகுதான் அவருக்கே உறைத்தது. டீமேக்கர் தட்டைப் பார்த்தார். நானா, "ம்" என்றார். நான் தேநீர் போடுவதாகச் சொல்லிவிட்டுக் குசினிக்குள் வந்துவிட்டேன்.

டீமேக்கரின் மனைவி பின்னாலேயே வந்தாள். சுற்றி வளைக்காமல் சொன்னாள்.

"தப்பா நெனைக்காதீங்க டீச்சர். எங்க வீட்டுலதான் ஒக்காருறாங்க. மருமவன் நாலாவது கை போடுறாரு. பொம்பள தனியா இருக்கிற வீட்டுல ஆம்பளைங்க வந்து காட்ஸ் அடிச்சா நாலு பேரு நாலு விதமா பேசுவாங்க. ஒங்களுக்குத்தான் கெட்ட பேரு."

"எத்தன நாளா?"

"அது ஆச்சுங்க. தீபாவளிக்கு முன்னாடியே."

அறுபது வயது தாண்டிய, முழங்கால் வலியுள்ள ஒரு வாத்தியாரம்மாவைப் பற்றி ஊர் என்ன கதை கட்டும் என்று எனக்குச் சிரிப்பும் வந்தது, ஆத்திரமும் வந்தது. ஆத்திரம்தான் அதிகம். ஆறு மாதமாக ஒவ்வொரு ஞாயிறும் நான் பிரிட்ஜ் சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருந்தபோது, ரோட்டில் இரண்டு வளைவு தள்ளி அதே ஆட்டம் நடந்திருக்கிறது. என்னிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்.

அவள் சேலைத் தலைப்பைத் திருகியபடி அடுத்ததைக் கேட்டாள்.

"இந்தச் சாமான எப்புடிச் செய்யிறதுன்னு சொல்லித் தர்றீங்களா டீச்சர்? நான் என்னத்த வச்சாலும் டீச்சர் செய்யிற மாதிரி இல்லன்னு மொகத்தச் சுளிக்கிறாங்க. நானும் ரெண்டு தடவ செஞ்சு பாத்தேன். தண்ணியா ஓடுது."

அந்த வீட்டில் என் இடமாக மிச்சம் இருந்தது, டீச்சர் செய்கிற மாதிரி இல்லை என்கிற அந்தக் குறை ஒன்றுதான். அதையும் அவள் கேட்கிறாள். தயிரைத் துணியில் கட்ட வேண்டும் என்பதை மட்டும் விட்டுவிட்டுச் சொன்னால் போதும், அது எந்தக் காலத்திலும் தண்ணீராகத்தான் ஓடும். எனக்கு அந்த எண்ணம் வராமல் இல்லை. ஆனால் எதிரே ஒருத்தி பாடம் கேட்டு நின்றால், பாதியை ஒளிக்க என் வாய்க்குத் தெரியவில்லை.

சொன்னேன். தயிரை ராத்திரி முழுக்கத் துணியில் தொங்கவிட வேண்டும். லீக்ஸை நீளமாகக் கீறி ஓடுகிற தண்ணீரில் அலசி, எண்ணெய் விடாமல், மூடி போட்டு அதன் தண்ணீரிலேயே வதக்க வேண்டும். கரட்டைத் துருவி உப்புப் போட்டுப் பிழிந்தெடுக்க வேண்டும். கோலிஃபிளவரைக் குழைய வேகவைத்து, நன்றாக வடித்து மசிக்க வேண்டும். எல்லாம் ஆறிய பிறகுதான் தயிர். அதோடு ஒரு கரண்டி சோளமா சேர்க்காவிட்டால் சூட்டில் திரிந்துபோகும். பச்சை மிளகாய், மிளகு. மேலே சீஸ் பேருக்குத்தான்.

"மண்ணு இல்லாமப் பாருங்க. மண்ணு கடிச்சா என் பேருதான் கெடும்" என்றேன்.

அவள் சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. பாத்திரத்தில் பாதிக்கு மேல் மிச்சம் இருந்தது. அதைப் பாத்திரத்தோடு அப்படியே அவள் கையில் கொடுத்துவிட்டேன். இருட்டுமுன் போக வேண்டும் என்று எழும்பினார்கள். வாசலில் நானா மட்டும் கொஞ்சம் பின்தங்கி நின்றார்.

"அவரு இல்லாத மேசையில அந்தப் பாத்திரத்துல கை வைக்க மனசு வரல்ல டீச்சர்" என்றார். ஆத்திரத்தில் பாதி அப்போதே போய்விட்டது. மீதிப் பாதியை வைத்துக்கொண்டு ஒரு கிழமை ஓட்டினேன்.

அடுத்த ஞாயிறு மத்தியானம் கதவு தட்டப்பட்டது. டீமேக்கரின் மனைவி. தலையில் துவாய், கையில் என் கண்ணாடிப் பாத்திரம், மேலே ஒரு தட்டைக் கவிழ்த்து மூடியிருந்தாள்.

"செஞ்சிட்டேன் டீச்சர். தின்னு பாத்துச் சொல்லுங்க. அங்க எல்லாரும் வந்துட்டாங்க, நான் ஓடுறேன்."

என் தட்டைக் கொண்டுவரச் சொல்லவில்லை. பாத்திரத்தை அப்படியே கையில் வைத்துவிட்டுத் தூறலில் இறங்கிப் போய்விட்டாள்.

மேசைக்கு வந்து உட்கார்ந்தேன். ஒரு பாண் துண்டை எடுத்து நடுவில் தோய்த்தேன். தண்ணீர் விடவில்லை, திரியவில்லை, மண் கடிக்கவில்லை. மிளகு என் அளவைவிட ஒரு பிடி தூக்கலாக இருந்தது. அது இன்னும் நன்றாக இருந்தது. இனி என்னிடம் கேட்க அவளுக்கு ஒன்றும் இல்லை. அந்த நாலு பேருக்கும் ஒன்றும் இல்லை. இவர் போன அன்றுகூட ஆட்கள் சுற்றி இருந்ததால் நான் இப்படி அழவில்லை. அந்த ஞாயிறு மூன்று வெறும் கதிரைக்கு நடுவில் உட்கார்ந்து, வாயில் பாணோடு, சத்தமாகவே அழுதேன். கேட்பதற்குத்தான் யாரும் இல்லையே.

பாத்திரத்தை வழித்துத் தின்று முடித்துக் கழுவி வைத்தேன். அது என்னுடையது, வீட்டுக்கு வந்துவிட்டது. அதற்கு மேல் கொடுக்கல் வாங்கல் ஒன்றும் இல்லை என்று நினைத்துக் கையைத் துடைக்கும்போதுதான் மூடியிருந்த தட்டைப் பார்த்தேன். வெள்ளை எனாமல் தட்டு, விளிம்பில் நீலக் கோடு, ஓரத்தில் கறுத்த ஒரு காயம். அது என் வீட்டுத் தட்டு அல்ல.

வருஷம் திரும்பிவிட்டது. துக்கம் கழிந்த வீடு இது. இன்னொரு வீட்டுத் தட்டை வெறுமையாகத் திருப்பிக் கொடுக்க முடியாது.

ஸ்டூலைப் போட்டு ஏறி, பரணிலிருந்து எண்ணெய்ச் சட்டியை இறக்கினேன். சீனிக்காரர், பிரஷர்காரர் என்று அங்கே எல்லாரும் இருக்கிறார்கள். ஆளுக்கு ஒரு வடைக்கு மேல் கிடையாது, பக்கத்தில் நின்று பார்த்துக்கொள்வேன். அவர்கள் ஆட்டம் முடியப் பொழுது சாயும். அதற்குள் உளுந்து ஊறிவிடும்.